பரங்கிமலையா, ஓரியூரா, காற்றாடிமலையா? பிள்ளைகளோடு போக எது சரி?

எங்கள் கத்தோலிக்கப் பங்கில் வருடத்துக்கு ஒரு முறை இந்தப் பேச்சு கிளம்பிவிடும். ஒன்பது, பத்தாம் வகுப்பு மறைக்கல்விப் பிள்ளைகளை இரண்டு நாள் திருப்பயணம் கூட்டிப்போக வேண்டும். வேளாங்கண்ணிக்கு எல்லாரும் குடும்பத்தோடு போய்வந்தாயிற்று. விசுவாசத்தை உறுதிப்படுத்தும் உறுதிபூசுதல் சடங்குக்குத் தயாராகிற வயது என்பதால், விசுவாசத்துக்காக உயிர்கொடுத்த மறைசாட்சி ஒருவர் இறந்த இடமாக இருக்கட்டும் என்பது பங்குத்தந்தையின் யோசனை. மதுரைப் பக்கத்திலிருந்து கிளம்பும் வேனுக்கு எட்டக்கூடியவை மூன்று: இயேசுவின் சீடர் தோமையார் கொல்லப்பட்டதாக மரபு சொல்லும் சென்னைப் பரங்கிமலை, போர்த்துகீசியத் துறவி அருளானந்தர் தலை வெட்டுண்ட ராமநாதபுரம் மாவட்டத்து ஓரியூர், தேவசகாயம் சுடப்பட்ட குமரி மாவட்டத்து ஆரல்வாய்மொழிக் காற்றாடிமலை.

தூரம், செலவு, தங்குமிடம் எல்லாம் போனில் விசாரித்தால் தெரிந்துவிடும். நான் பார்க்கிற கணக்கு வேறு. மறைசாட்சியின் கதையில் இறந்தவர் இருந்தால் கொன்றவரும் இருப்பார். "ஏன் சார் கொன்னாங்க?" என்று கேட்ட அதே மூச்சில் "யாரு கொன்னது?" என்றும் பிள்ளைகள் கேட்பார்கள். நாம் சொல்லும் பதிலை மனதில் வைத்துக்கொண்டு திங்கட்கிழமை பள்ளிக்குப் போய், இந்துப் பிள்ளைக்கும் முஸ்லிம் பிள்ளைக்கும் பக்கத்தில் உட்காரப்போகிறவர்கள் அவர்கள். அந்தக் கேள்விக்கு நேர்மையாகப் பதில் சொல்ல எந்த இடம் கைகொடுக்கிறது என்பதை வைத்துத்தான் மூன்றையும் எடைபோடுகிறேன்.

பரங்கிமலைக்குப் போவது சுலபம். ரயிலும் மெட்ரோவும் அடிவாரத்துக்குப் பக்கம் வரை வருகின்றன. 18ஆம் நூற்றாண்டில் கோஜா பெட்ரஸ் உஸ்கான் என்ற அர்மீனிய வணிகர் கட்டிக்கொடுத்த படிகளில் ஏறினால் மேலே சின்னதாக ஒரு கோயில். பீடத்தில் பஹ்லவி என்ற பழைய பாரசீக எழுத்துகள் சுற்றிவர வெட்டப்பட்ட கற்சிலுவை இருக்கிறது. போர்த்துகீசியர் 1547இல் அங்கே அஸ்திவாரம் தோண்டியபோது கிடைத்தது. பிறகு அதில் இரத்தம் வியர்த்தது என்று சொல்லி, டிசம்பர் 18ஆம் தேதியை விழாவாகக் கொண்டாடியிருக்கிறார்கள். மேலிருந்து பார்த்தால் மீனம்பாக்கம் விமான ஓடுபாதை அப்படியே தெரியும். பத்தாம் வகுப்புப் பையன்கள் சிலுவையைப் பார்க்கிற நேரத்தைவிட விமானம் இறங்குவதைப் பார்க்கிற நேரம் அதிகமாக இருக்கும். அதற்கு அவர்களைக் குற்றம் சொல்ல முடியாது.

சரி, தோமையாரைக் கொன்றது யார்? கி.பி. 52இல் கொடுங்கல்லூர்ப் பக்கம் வந்து இறங்கினார், 72இல் இந்த மலையில் கொல்லப்பட்டார் என்பது மரபு. நம் வீடுகளில் சொல்கிற கதையில், அவர் சிலுவைக்கு முன் முழந்தாளிட்டுச் செபிக்கும்போது ஒரு பிராமணர் பின்னாலிருந்து ஈட்டியால் குத்திவிடுகிறார். ஆனால் இது பிற்காலத்தில் பரவிய கதை. 3ஆம் நூற்றாண்டில் சிரியாக் மொழியில் எழுதப்பட்ட 'தோமாவின் பணிகள்' என்ற பழைய நூலில் பிராமணர் யாரும் கொல்லவில்லை. மஸ்தாய் என்ற அரசன் ஆணையிட, நான்கு படைவீரர்கள் அவரை ஊருக்கு வெளியே ஒரு மலைக்குக் கூட்டிப்போய் ஈட்டியால் குத்துகிறார்கள். 13ஆம் நூற்றாண்டின் கடைசியில் இந்தக் கரையைப் பற்றி எழுதிய மார்கோ போலோ இன்னொன்று சொல்கிறார். தோமையார் காட்டில் செபித்துக்கொண்டிருந்தார், சுற்றிலும் மயில்கள். ஒரு மயிலுக்குக் குறிவைத்து வேட்டைக்காரன் ஒருவன் விட்ட அம்பு, அவர் அங்கே இருப்பது தெரியாமல், அவர் மேல் பாய்ந்துவிட்டது.

யோசித்துப் பாருங்கள். ஒரு கதையில் அரசாணை, ஒன்றில் கைதவறிய அம்பு, ஒன்றில் மதவெறி. அம்புக் கதையை எடுத்துக்கொண்டால் அவரை மறைசாட்சி என்று சொல்லவே வழியில்லை, விபத்தில் இறந்தவர் என்றுதான் சொல்ல வேண்டும். ஆனாலும் மார்கோ போலோ காலத்திலேயே மக்கள் அங்கே திருப்பயணம் போயிருக்கிறார்கள். தோமையார் இறந்த இடத்து மண்ணை எடுத்துப்போய், விட்டுவிட்டு வரும் முறைக்காய்ச்சல்காரர்களுக்குக் கொடுத்தார்கள், அந்த மண் சிவப்பு நிறம் என்றும் மார்கோ போலோ எழுதி வைத்திருக்கிறார். இந்தச் சிவப்பு மண்ணை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், ஓரியூரில் வேலை இருக்கிறது.

பெரியவர்களாக இருந்தால் பரங்கிமலையில் இந்த மூன்று கதைகளையும் வைத்தே ஒரு மாலை முழுக்கப் பேசலாம். அப்புறம் சாந்தோம் போய்த் தோமையார் கல்லறையைப் பார்க்கலாம். எலும்புகளில் பெரும்பகுதி பழங்காலத்திலேயே இன்றைய துருக்கியிலுள்ள எடெசாவுக்குப் போய், 1258இல் இத்தாலியின் ஓர்தோனாவுக்குக் கொண்டுபோகப்பட்டதையும் சொல்லலாம். பதினாலு வயதுப் பிள்ளைக்கு இது ரொம்பத் தூரத்துக் கதை. கையில் பிடித்துக்கொள்ள எதுவும் இல்லாததால் வீட்டில் கேட்ட ஈட்டிக் கதையைத்தான் பிடித்துக்கொள்ளும். எனக்கு அதுதான் பயம்.

சென்னைக்கே போவதென்று முடிவானால் ஒன்று சேர்த்துச் செய்யலாம். அண்ணா சாலையில் ஆயிரம் விளக்குப் பள்ளிவாசல் இருக்கிறது. கி.பி. 680இல் கர்பலாவில் கொல்லப்பட்ட இமாம் ஹுசைனுக்காக ஷியா முஸ்லிம்கள் முஹர்ரம் மாதத்தில் அங்கே கூடித் துக்கம் காக்கிறார்கள். உயிர்விட்டவரை நினைத்து அழுவது நம் வீட்டு வழக்கம் மட்டும்தான் என்ற நினைப்பு பிள்ளைகளுக்கு அதோடு போய்விடும்.

ஓரியூர் எங்களுக்குப் பக்கம். காலையில் கிளம்பி, மாலைத் திருப்பலி முடித்து, இரவே வீடு திரும்பிவிடலாம். திருவாடானை வட்டம், பாம்பாற்றங்கரை, வறண்ட சீமை. கோயிலின் முகப்பைப் போர்த்துகீசிய பாணியில் எழுப்பியிருக்கிறார்கள். ஆனால் வருகிறவர்கள் அண்ணாந்து முகப்பைப் பார்ப்பதில்லை, குனிந்து மண்ணை எடுக்கிறார்கள். அங்கே ஓரிடத்தில் மட்டும் மண் செக்கச்செவேல் என்று கிடக்கிறது. அருளானந்தரின் இரத்தம் விழுந்து சிவந்தது என்பது நம்பிக்கை. நெற்றியில் பூசிக்கொள்வார்கள், தாளில் மடித்து முந்தானையில் முடிந்துகொள்வார்கள், வீட்டுக்குக் கொண்டுபோய் நோயாளிக்குத் தடவுவார்கள். பரங்கிமலையில் மார்கோ போலோ பார்த்த வழக்கம் இங்கே இன்னும் நடக்கிறது. மொட்டை போடுகிறார்கள், ஆடு நேர்ந்து வெட்டி அசனம் என்ற பொது விருந்து போடுகிறார்கள், பிள்ளை வரம் கேட்கிறார்கள். கூட்டத்தில் இந்துக்களும் நிறைய. அந்தச் சீமையின் மறவர்களுக்கு அருளானந்தர் குடும்பத்துச் சாமி மாதிரி.

இதில் ஒரு விசேஷம் உண்டு. அவரைக் கொல்லச் சொன்னது மறவர் சீமையை ஆண்ட கிழவன் சேதுபதி. கொல்லச் சொன்னவரின் குடிமக்களுடைய வழித்தோன்றல்களே இன்று அந்த மண்ணை நெற்றியில் இடுகிறார்கள். 'அவர்கள் நம்மவரைக் கொன்றார்கள்' என்று கோடு கிழிக்க ஓரியூரில் யாராலும் முடியாது.

அருளானந்தர் சாவைப் பற்றிய ஆவணங்களுக்கும் குறைவில்லை. அவர் சேர்ந்திருந்த துறவற சபையான இயேசு சபையார் கடிதம் எழுதுவதில் சளைக்காதவர்கள், அதனால் நாள் உட்படத் தெரிகிறது. பிறந்தது 1647, லிஸ்பன். அரண்மனையில் இளவரசனோடு வளர்ந்த பிள்ளை. 1673இல் இந்தியா வந்து, காவி உடுத்தி, மரக்கறி உண்டு, பண்டாரசாமியாக மதுரை மிஷனில் அலைந்தார். 1686இல் மறவர் சீமையில் பிடிபட்டுச் சித்திரவதைப்பட்டார். மரண தண்டனை நிச்சயம் என்றிருந்தபோது, கூப்பிட்டு விசாரித்து விடுதலை செய்தது இதே சேதுபதிதான். இனி இந்தச் சீமையில் போதிக்கக் கூடாது என்று ஒரு கட்டளை மட்டும் போட்டார். இந்த 1686ஐச் சொல்லாமல் அவரைக் கொன்ற 1693ஐ மட்டும் சொல்லும் பிரசங்கங்களை நான் நிறையக் கேட்டிருக்கிறேன். சொன்னால் கதையில் வில்லன் கொஞ்சம் இளைத்துவிடுவார், அதனால்தானோ என்னவோ.

1693இல் நடந்தது மதச்சண்டை மட்டும் இல்லை. தடியத்தேவர் என்ற மறவர் குலப் பெருந்தலை, நோய் தீர்ந்த நன்றியில் திருமுழுக்குக் கேட்டார். ஒரு மனைவியோடுதான் வாழ வேண்டும் என்றார் அருளானந்தர். தேவரும் மூத்தவரை மட்டும் வைத்துக்கொண்டு மற்றவர்களை விலக்கினார். விலக்கப்பட்டவர்களில் இளையவர் கடலாயி, சேதுபதியின் உறவுக்காரப் பெண். அவர் போய் முறையிட்டார். தடியத்தேவரோ சேதுபதியின் பதவிக்கே உரிமை கொண்டாடக்கூடிய இடத்தில் இருந்தவர். அப்படிப்பட்டவர் பக்கம் ஒரு புது மதமும் அதன் ஆட்களும் சேர்ந்தால் எந்த அரசனும் சும்மா இருக்க மாட்டான். ஜனவரியில் கைது. ராமநாதபுரத்திலேயே கொன்றால் கலவரம் வருமோ என்று யோசித்து ஓரியூருக்கு அனுப்பினார்கள். பிப்ரவரி 4, அந்த வருடத்துத் திருநீற்றுப் புதன். அன்று தலை விழுந்தது.

எங்கள் வகுப்பில் ஒரு பெண்பிள்ளை நிச்சயம் கேட்பாள்: "அப்போ அந்த கடலாயி என்ன சார் பண்ணுவாங்க?" நியாயமான கேள்விதான். கதையில் அவர் பொறாமைக்காரியாகத்தான் வருகிறார். புருஷன் ஒரு காலையில் மதம் மாறி, இனி நீ எனக்கு மனைவி இல்லை என்று சொல்லிவிட்டால், உறவுக்கார ராஜாவிடம் போய் அழாமல் என்ன செய்வார்? அருளானந்தரின் புனிதத்தை இது குறைக்கவில்லை. ஆனால் இதை விளக்க ஆசிரியருக்கு நேரமும் பொறுமையும் வேண்டும். நேர்ச்சை ஆடு வெந்துகொண்டிருக்கிற இடத்தில், ஒலிபெருக்கி சத்தத்துக்கு நடுவில் அது நடக்காது. ஓரியூர் தொட்டு, பூசி, வேண்டிக்கொள்ளும் இடம். அதுவே அதன் பலம். பெற்றோர்களையும் பாட்டிகளையும் கூட்டிப்போக இதைவிட நல்ல இடம் இந்தப் பக்கத்தில் இல்லை.

இந்த வரிசையில் மன்னாரையும் சேர்க்கச் சொல்லி எங்கள் கூட்டத்தில் ஒருவர் கேட்டார். 1544இல் யாழ்ப்பாண அரசன் சங்கிலி, புதிதாகத் திருமுழுக்குப் பெற்ற மன்னார்த் தமிழர்களைக் கூட்டமாகக் கொன்றான். தோட்டவெளியில் மறைசாட்சிகளின் அரசி கோயில் இருக்கிறது. பெயரே தெரியாத சாதாரண சனங்கள் உயிர்விட்ட இடம், போக வேண்டிய இடம்தான். ஆனால் பாஸ்போர்ட், விசா என்று ஒரு வகுப்பையே இழுத்துக்கொண்டு போகிற காரியம் இல்லை.

காற்றாடிமலைக்கு வருவோம். அங்கே ஒரே இடத்துக்குப் போய்த் திரும்புவதில்லை, ஒரு மனிதனின் வாழ்க்கை நடந்த ஊர்களை ஒன்றன்பின் ஒன்றாகக் கடந்து போகிறோம். நட்டாலத்தில் 1712இல் பிறந்தார், பின்னாளில் தேவசகாயம் ஆன நீலகண்டன், நாயர் குடும்பம். பத்மநாபபுரம் அரண்மனையில் அதிகாரி. 1741இல் குளச்சல் போரில் டச்சுக்காரர்கள் தோற்க, அவர்களின் தளபதி டிலனாய் திருவிதாங்கூர் மன்னர் மார்த்தாண்ட வர்மாவிடம் பிடிபட்டு, பிறகு அதே மன்னரின் படைக்குப் பயிற்சி கொடுக்கிறவராக ஆனார். மாடுகள் செத்து, சொத்து கரைந்து நொந்துபோயிருந்த நீலகண்டனுக்கு டிலனாய்தான், எல்லாம் இழந்தும் நம்பிக்கை இழக்காத விவிலிய யோபுவின் கதையைச் சொன்னார். 1745 மே 14, வடக்கன்குளத்தில் திருமுழுக்கு. லாசரு என்ற பெயர் தமிழில் தேவசகாயம் ஆனது. மனைவி ஞானப்பூ ஆனார். 1749இல் கைது. எருக்கம்பூ மாலை போட்டு, எருமை மேல் பின்பக்கமாகப் பார்க்க உட்காரவைத்து ஊர் ஊராகக் கொண்டுபோனார்கள், அடித்தார்கள், காயத்தில் மிளகாய்ப்பொடி தேய்த்தார்கள். 1752 ஜனவரி 14 அன்று காற்றாடிமலையில் சுட்டுக்கொன்றார்கள். உடல் இன்று கோட்டாறு சவேரியார் பேராலயத்தில் இருக்கிறது. 2022 மே 15 அன்று புனிதர் பட்டம். துறவறம் பூணாத, குடும்பஸ்தரான இந்தியர் ஒருவருக்குக் கிடைத்த முதல் பட்டம். அங்கி போட்ட சாமியார்களின் கதைகளையே கேட்டு வளர்ந்த பிள்ளைக்கு, வேலைக்குப் போய்க்கொண்டிருந்த, கல்யாணமான ஒரு மனிதர் புனிதர் என்பது புதுசு.

கொன்றவர் பற்றிய கேள்வி இங்கேதான் கடினம், இங்கேதான் பதிலும் கையெட்டும் தூரத்தில் இருக்கிறது. திருவிதாங்கூர் வரலாறு எழுதிய சிலர், இது மதத்துக்கான தண்டனை இல்லை, ராஜதுரோகத்துக்கான தண்டனை என்கிறார்கள். திருச்சபை தரப்பில், கொலை நடந்து நாலே வருடத்தில், 1756இல், கொச்சி ஆயர் ரோமுக்கு அனுப்பிய அறிக்கையில் தேவசகாயத்தின் சாவு விவரம் இருக்கிறது. இரண்டையும் பிள்ளைகளிடம் சொல்லிவிட வேண்டும். சொல்லிவிட்டு உதயகிரிக் கோட்டைக்குள் கூட்டிப்போங்கள். இப்போது வனத்துறை வசம் பூங்காவாக இருக்கிறது. உள்ளே கூரையில்லாத ஒரு சிற்றாலயம், அதற்குள் டிலனாயின் கல்லறை. 1777இல் இறந்த அந்த மனிதரின் கல்லில் லத்தீனும் தமிழும் பொறித்திருக்கிறது. தேவசகாயத்தைச் சிறைவைத்த மன்னர், அவருக்கு வேதம் சொல்லிக்கொடுத்த கத்தோலிக்கரைத் தம் படைத்தலைவராகவே வைத்துக்கொண்டார், கோட்டைக்குள் கோயில் கட்டிக்கொள்ளவும் விட்டார். கிறிஸ்தவன் என்பதுதான் குற்றம் என்றால் டிலனாய் எப்படித் தப்பினார்? கல்லறைக்கு முன்னால் நின்று இதைக் கேட்டால் பிள்ளைகளே பதில் தேட ஆரம்பிப்பார்கள். உயர்சாதி அரண்மனை அதிகாரி ஒருவர் தாழ்ந்தவர் என்று ஒதுக்கப்பட்டவர்களோடு உட்கார்ந்து சாப்பிட ஆரம்பித்தது பெரிய குற்றமாகப் பட்டிருக்கலாம் என்பது என் எண்ணம்.

அந்த எண்ணத்தோடு வடக்கன்குளத்தைப் பார்க்க வேண்டும். தேவசகாயம் திருமுழுக்குப் பெற்ற அதே ஊரில், 19ஆம் நூற்றாண்டில் வெள்ளாளரும் நாடாரும் ஒருவரையொருவர் பார்க்காமல் பூசை காண, இரண்டு கால் விரிந்த வடிவில் கோயிலே கட்டினார்கள். கால்சட்டைக் கோயில் என்றால் அந்தப் பக்கம் எல்லாருக்கும் தெரியும். நடுச்சுவரை 1910இல் கௌசானல் அடிகளார் இடித்தபோது வழக்கு வரை போனது. தேவசகாயத்துக்குப் பட்டம் கொடுப்பதற்கு முன் வத்திக்கான் அவர் பெயரிலிருந்து 'பிள்ளை' என்ற சாதிப் பெயரை எடுத்தபோது எழுந்த முணுமுணுப்பையும் நாம் கேட்டோம். மறைசாட்சியைச் சாகடித்தது வெளியார் என்று மட்டும் நினைத்துக்கொண்டு வருகிற பிள்ளைக்கு, நம் கோயில் சுவரைக் காட்ட இதைவிட வேறு இடம் எனக்குத் தெரியவில்லை.

மக்களின் நினைவும் இந்தப் பாதையில் கல்லையும் மரத்தையும் பற்றிக்கொண்டு நிற்கிறது. புலியூர்க்குறிச்சியில் தாகத்தில் அவர் முழங்கையால் இடிக்கத் தண்ணீர் வந்ததாகச் சொல்லும் முட்டிடிச்சான் பாறை. பெருவிளையில் அவரைக் கட்டிவைத்த வேப்பமரம். தண்டனையை நிறைவேற்றும் ஆராச்சாருக்குப் பிள்ளை இல்லாமல் இருந்து, தேவசகாயம் செபித்ததால் பிறந்தது என்ற கதையும் பெருவிளைக்கதைதான். கொல்ல வைத்திருந்தவன் வீட்டில் தொட்டில் ஆட வைத்த கதையை எந்த ஏட்டிலும் தேட வேண்டாம், அந்த மக்கள் கொன்றவனை எப்படி நினைவில் வைத்துக்கொண்டார்கள் என்பதற்கு அது ஒன்று போதும். காற்றாடிமலையில் மணியடிச்சான் பாறை இருக்கிறது. சின்னக் கல்லை எடுத்துத் தட்டினால் வெண்கலம் மாதிரி ஓசை வரும். பிள்ளைகள் வரிசையில் நின்று தட்டுவார்கள், போதும் என்றாலும் விட மாட்டார்கள். சுற்றிலும் முப்பந்தல் காற்றாலைகள் சுழன்றுகொண்டிருக்கும். பேச்சு காற்றில் பறந்துவிடும் என்பதால் சொல்ல வேண்டியதை வேனிலேயே சொல்லிவிடுவது நல்லது.

குறையும் உண்டு. ஏறி இறங்கும் இடங்கள் அதிகம், சாப்பாட்டு நேரம் தவறும், வாந்தி எடுக்கிற பிள்ளைகளுக்கு இந்த வளைவுச் சாலைகள் ஆகாது. சித்திரவதை விவரங்களைச் சுவரோவியமாகவும் சிலையாகவும் வைத்திருக்கிற இடங்களில் பிள்ளைகள் மிளகாய்ப்பொடியை மட்டும் ஞாபகம் வைத்துக்கொண்டு வருகிற அபாயமும் இருக்கிறது. செலவும் ஓரியூரைப்போல் இரண்டு பங்குக்குக் குறையாது.

இருந்தாலும் என் ஓட்டு காற்றாடிமலைக்குத்தான். ஒரே நாள்தான் கிடைக்கும், கையில் காசும் இல்லை என்றால் ஓரியூர். ஆனால் பிப்ரவரி 4 விழா நெரிசலில் வேண்டாம், ஒரு சாதாரணச் சனிக்கிழமை போங்கள், 1686இல் நடந்ததையும் சேர்த்துச் சொல்லுங்கள். பரங்கிமலையை, பிள்ளைகள் கல்லூரிக்குச் சென்னை போன பிறகு அவர்களே மெட்ரோவில் போய்ப் பார்த்துக்கொள்ளட்டும்.

குமரிக்குப் போகிறவர்களுக்கு ஒரு வரிசை சொல்கிறேன். முதல் நாள் மதுரையிலிருந்து நேராக நட்டாலம், திரும்பும் வழியில் பத்மநாபபுரம் அரண்மனை, உதயகிரி, புலியூர்க்குறிச்சி, பெருவிளை. இரவு நாகர்கோவில். மறுநாள் காலை கோட்டாறு கல்லறையில் திருப்பலி, பிறகு வெயில் ஏறுமுன் காற்றாடிமலை, கடைசியாக வடக்கன்குளம், அப்படியே நெடுஞ்சாலை பிடித்து ஊர் திரும்பலாம். அரண்மனைக்குத் திங்கட்கிழமை விடுமுறை. தமிழ்நாட்டில் இருந்தாலும் அது கேரளத் தொல்லியல் துறை வசம், அதனால் அந்த மாநிலத்து விடுமுறைகளையும் ஒரு முறை பார்த்துக்கொள்ளுங்கள். ஜனவரி 14 அவர் நினைவு நாள், நமக்குப் பொங்கல் நேரம், வேன் வாடகையும் கூட்டமும் எகிறியிருக்கும். அரையாண்டு விடுமுறையின் கடைசி வாரத்தில் போய்வந்துவிடலாம்.